பாக்கி கேட்டால் போலீஸ் புகார்: அப்பளம், மசாலா போடுகிறவர்கள் கவனத்துக்கு

மதுரையில் வில்லாபுரம், ஜெய்ஹிந்த்புரம் பக்கம் அப்பளம், வடகம், மசாலா போட்டு வெளியூருக்கு அனுப்புகிறவர்களுக்காக இதை எழுதுகிறேன்.

பக்கத்து மாவட்டத்து மொத்த வியாபாரி ஒருவர் இங்கே சுற்றி வருகிறார். முதல் இரண்டு லோடுக்கு, சரக்கு இறங்கிய அன்றே பணம் போட்டுவிடுவார். மூன்றாவது லோடைப் பெரிதாகக் கேட்பார், அதுவும் கடனுக்கு. எனக்கு வர வேண்டியது 3,80,000 ரூபாய். கேட்கும்போதெல்லாம் "அடுத்த வாரம்ணே" என்றார். வக்கீல் நோட்டீஸ் அனுப்பப் போகிறேன் என்றதும், அவர் ஊர் ஸ்டேஷனிலிருந்து எனக்குப் போன் வந்தது. 5 லட்சம் அட்வான்ஸ் வாங்கிக்கொண்டு கெட்டுப்போன சரக்கை அனுப்பி நான் மோசடி செய்துவிட்டேனாம்.

போனேன். மேஜையில் எங்கள் அப்பளப் பாக்கெட் ஒன்று பிரித்துக் கிடந்தது. ஏட்டு ஒன்றை எடுத்து ஒடித்தார், ஒடியவில்லை, வளைந்தது. பிரித்த பாக்கெட்டை மார்கழிப் பனியில் போட்டு வைத்தால் எந்த அப்பளமும்தான் வளையும், அதை யாரிடம் சொல்ல? "ரெண்டு லட்சத்துக்கு ஒரு செக் எழுதிக் கொடுத்துட்டுப் போங்க, எஃப்.ஐ.ஆர். வரைக்கும் எதுக்கு?" என்றார் எஸ்.ஐ. எனக்குப் பணம் தர வேண்டிய ஆள் எதிரே உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டிருந்தார்.

அந்த செக்குக்காகத்தான் புகாரே. எழுதிக் கொடுத்தால் கடன்பட்டதை நாமே ஒப்புக்கொண்ட மாதிரி ஆகிவிடும். செக் திரும்பினால் செலாவணி முறிச் சட்டம் 138-ல் தனி கேஸ். இரண்டு ஆண்டு வரை சிறை, செக் தொகையைப் போல இரண்டு மடங்கு வரை அபராதம். நான் பேனாவைத் தொடவில்லை. "புகார் நகலும் சி.எஸ்.ஆர். நம்பரும் கொடுங்க, எழுத்துல பதில் தர்றேன்" என்றேன். சி.எஸ்.ஆரே (புகார் வாங்கியதற்கு ஸ்டேஷனில் தரும் ரசீது) போடவில்லை என்பது அப்போதுதான் தெரிந்தது.

அப்புறம் வக்கீலோடு போய் ஜிஎஸ்டி பில், இ-வே பில், லாரி ரசீது, பேங்க் ஸ்டேட்மெண்ட், "சரக்கு அருமைண்ணே" என்று அந்த ஆளே அனுப்பிய வாட்ஸ்அப் எல்லாவற்றையும் வைத்துப் பதில் கொடுத்து, நகலில் சீல் வாங்கினோம். எஸ்.பி. ஆபீசுக்கும் ரிஜிஸ்தர் தபாலில் ஒரு காப்பி போனது. அத்தோடு போன் நின்றது.

நாம் 420 என்று சொல்வது 2024 ஜூலை 1 முதல் பி.என்.எஸ். (பழைய ஐ.பி.சி.க்குப் பதிலாக வந்த தண்டனைச் சட்டம்) 318(4). ஏமாற்றும் எண்ணம் பேரம் பேசும்போதே இருந்தால்தான் அது செல்லும். பிற்பாடு பணம் வரவில்லை, சரக்கு சரியில்லை என்பதெல்லாம் சிவில் கோர்ட் சமாச்சாரம். வியாபாரத் தகராறைக் கிரிமினல் கேஸாக்கி நெருக்கும் பழக்கம் கூடிக்கொண்டே போகிறது என்று சுப்ரீம் கோர்ட் 2006-லேயே இந்தியன் ஆயில் வழக்கில் கண்டித்திருக்கிறது. வியாபாரம் சம்பந்தப்பட்ட புகாரில் எஃப்.ஐ.ஆருக்கு முன்பே முதற்கட்ட விசாரணை நடத்தலாம் என்று 2013 லலிதா குமாரி தீர்ப்பும் இருக்கிறது. எஃப்.ஐ.ஆர். விழுந்துவிட்டால், ஒத்தக்கடை பக்கம் இருக்கும் ஹைகோர்ட் கிளையில் பி.என்.எஸ்.எஸ். (புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம்) 528-ன் கீழ் ரத்து கேட்கலாம். அதற்கு ஆகும் செலவு தனிக் கதை.

உண்மையில் இரண்டு லோடுக்கு ஆசை காட்டி மூன்றாவதை அமுக்குவதுதான் 318-க்குப் பொருத்தமாக எனக்குப் படுகிறது. பதிலுக்கு நானும் புகார் கொடுக்கலாமா என்று கேட்டேன். வக்கீல் வேறு வழி காட்டினார். நம்மைப் போலத் தயாரிப்பவர்கள் உத்யம் பதிவு (மத்திய அரசின் சிறுதொழில் பதிவு) வைத்திருந்தால், சரக்கை ஏற்றுக்கொண்டவர் 45 நாளுக்கு மேல் பணத்தை இழுத்தடிக்க முடியாது. தாண்டினால் ரிசர்வ் வங்கியின் பேங்க் ரேட்டைப் போல மூன்று மடங்கு கூட்டு வட்டி. சிறுதொழில்காரர்களின் பாக்கித் தகராறுகளை விசாரிக்கும் எம்எஸ்எம்இ கவுன்சிலில் மனு போட்டிருக்கிறேன்; பணம் இன்னும் வரவில்லை.

அந்த ஆள் இப்போது அனுப்பானடிப் பக்கம் சரக்கு விசாரிப்பதாகக் கேள்வி. பெயரை இங்கே போட முடியாது. வெளியூர்ப் புதுப் பார்ட்டி மூன்றாவது லோடைக் கடனுக்குக் கேட்டால், ஏற்றுவதற்கு முன் இன்பாக்ஸில் என்னிடம் ஒரு வார்த்தை கேளுங்கள்.