கனவுலக வரைபடம் அச்சடிக்க ஆண்டர்சன் தெரு: உடன்படிக்கையை முதலில் எழுதுங்கள்

ஒரு கதைக்காக ஒரே கற்பனை உலகத்தை நான்கு பேர், ஆளுக்கொரு தாளாக, பங்குபோட்டு வரைகிறார்கள் என்று வையுங்கள். தீவுகள் ஒருவருக்கு, ஆற்றுச் சமவெளி இன்னொருவருக்கு. எல்லையில் யார் சொல் செல்லும் என்று ஓர் உடன்படிக்கையும் எழுதிக்கொள்கிறார்கள். கதைக்குள் அதுவே கனவுலக வரைபடக்காரர்களின் ஒப்பந்தமாகவும் இடம்பெறுகிறது. இந்த ஒப்பந்தத்தையும் நான்கு தாள்களையும் அச்சடிக்க வடசென்னையில் முதலில் போகவேண்டிய இடம் பாரிமுனை ஆண்டர்சன் தெருதான். காகிதம், டிஜிட்டல் பிரிண்ட், கட்டிங், லேமினேஷன் எல்லாம் நடக்கிற தூரத்தில் கிடைக்கும். உயர் நீதிமன்றம் மெட்ரோவில் இறங்கினால் பக்கம்.

இந்தத் தெருவின் பெரிய பலம் காகிதமும் கட்டிங்கும். கல்யாணப் பத்திரிகை வெட்டிப் பழகிய கைகள். கட்டிங் மார்க் சரியாக இருந்தால் நான்கு தாளும் கோடு பிசகாமல் வரும். பலவீனம் வேறு இடத்தில் இருக்கிறது. நான்கு தாளும் ஒன்றோடொன்று சேரவேண்டியவை என்பது கவுண்டரில் யாருக்கும் தெரியாது. நாம்தான் சொல்ல வேண்டும், அதுவும் எழுத்தில்.

இது பழைய சிக்கல். உலகம் முழுவதையும் 1:10,00,000 அளவில், ஒவ்வொரு நாடும் தன் பங்கை வரைந்து சேர்க்கலாம் என்று ஜெர்மன் புவியியலாளர் ஆல்பிரெக்ட் பெங்க் 1891-ல் முன்மொழிந்தார். ஒரு தாளுக்கு அட்சரேகையில் 4 பாகை, தீர்க்கரேகையில் 6 பாகை. 1913 பாரிஸ் மாநாட்டில் பொது விதிகள் பேசி முடிக்கப்பட்டன. அந்த வரைபடம் கடைசிவரை முழுமை பெறவில்லை. ஆனாலும் ஒரே அளவு, ஒரே குறியீடு, ஒரே தொடக்கக் கோடு என்ற அடிப்படை கனவுலகத்துக்கும் அப்படியே பொருந்தும். தொடக்கக் கோட்டை மட்டும் லேசாக எண்ண வேண்டாம்: 1884-ல் இங்கிலாந்தின் கிரீனிச் வழியாகப் போகும் கோட்டையே உலகத்தின் தொடக்கத் தீர்க்கரேகையாக வைக்க வாக்கெடுப்பு நடந்தபோது பிரான்ஸ் எந்தப் பக்கமும் வாக்களிக்கவில்லை. நால்வருக்குள்ளும் இந்த வருத்தம் வரும். முதல் கூட்டத்திலேயே தீர்த்துவிடுங்கள்.

காகித விஷயங்களையும் உடன்படிக்கையிலேயே சேர்க்க வேண்டும். தாளின் அளவு ஏ3. இங்குள்ள டிஜிட்டல் மிஷின்களில் பெரும்பாலும் 13க்கு 19 இஞ்ச் தாள் ஓடும். ஏ3-யும், வெட்டும்போது போகிற கூடுதல் ஓரமான ப்ளீடு சுற்றிலும் 3 மி.மீ.யும் அதில் அடங்கிவிடும். நான்கு ஏ3 சேர்ந்தால் ஓர் ஏ1. நான்கையும் ஒரே வாக்கில், படுக்கையாகவே வரையுங்கள். இரண்டு படுக்கை, இரண்டு நெட்டு என்று வைத்தால் காகிதத்தின் நார் வாக்கு மாறிவிடும். காகிதம் ஈரம் குடித்தால் நாருக்குக் குறுக்கே அதிகமாக விரியும், நீளவாக்கில் குறைவாக. துறைமுகக் காற்றடிக்கிற இந்த ஊரில், காலையில் தாளோரத்தில் சேர்ந்திருந்த ஆற்றின் கோடு மாலையில் விலகி நிற்கும். 1:10,00,000 அளவில் 1 மி.மீ. பிசகு என்றால் தரையில் 1 கிலோமீட்டர்.

அடிக்கடி நடக்கும் கேடு ‘ஃபிட் டு பேஜ்’, அதாவது படத்தைத் தாளுக்கு ஏற்றபடி மிஷினே சுருக்கிக்கொள்ளும் அமைப்பு. ஆபரேட்டர் அதை எடுக்க மறந்தால் ஒரு தாள் மட்டும் 97 சதவீதத்துக்குச் சுருங்கும், 420 மி.மீ. நீளத்தில் 12 மி.மீ.க்கு மேல் போய்விடும். ஒவ்வொரு தாளின் மூலையிலும் சரியாக 10 செ.மீ. அளவுக்கோடு வைத்து, முதல் பிரதி வந்ததும் ஸ்கேல் வைத்து அளந்துவிட்டுத்தான் மீதியை ஓட்டச் சொல்ல வேண்டும்.

தமிழ் எழுத்துகளை அவுட்லைனாக, அதாவது எழுத்துரு தேவைப்படாத வெறும் கோட்டு வடிவமாக மாற்றாமல் ஃபைல் கொடுக்கவே கூடாது. கடையில் வேறு மென்பொருளில் திறந்தால் கொம்பு ஒரு பக்கம், எழுத்து ஒரு பக்கம் நிற்கும். கணினித் திரையில் பளிச்சென்ற கடல் நீலம் சியான், மெஜந்தா, மஞ்சள், கறுப்பு என்ற நாலு மை அச்சான சிஎம்ஒய்கேயில் ஊதா கலந்து வரும். சியானைக் கூட்டி மெஜந்தாவைக் குறைத்த மூன்று நீலக் கட்டங்களை முதல் பிரதியிலேயே அடித்துப் பார்ப்பது நல்லது. ஊர்ப்பெயர்கள் வெறும் கறுப்பு மையில் மட்டும் இருக்கட்டும். நாலு நிறமும் கலந்த கறுப்பில் சின்ன எழுத்து கொஞ்சம் பிசகினாலும் மங்கிவிடும்.

காகிதத்தில் எங்கள் தேர்வு 170 ஜிஎஸ்எம் (சதுர மீட்டருக்கு இத்தனை கிராம்) மேட் ஆர்ட், அதாவது பளபளப்பில்லாத பூச்சுக் காகிதம். பூச்சில்லாத காகிதமான மேப்லித்தோவின் பெயரிலேயே மேப் இருந்தாலும் நிறத்தை அது உறிஞ்சிவிடும். பென்சில் கோட்டு வரைபடத்துக்கு மட்டும் அழகு. இதைவிடத் தடித்த தாளுக்குப் போனால் க்ரீஸிங் (மடிக்கும் இடத்தில் அழுத்திய பள்ளக்கோடு) போட்டுத்தான் மடிக்க வேண்டும், இல்லாவிட்டால் மடிப்பில் மை வெடிக்கும். ஒரு பக்கம் மட்டும் லேமினேஷன் செய்தால் தாள் சுருண்டுகொள்ளும். ஓரங்கள் சேரவே சேராது.

ஒப்பந்தத் தாளுக்கு, பூச்சில்லாத பாண்டு பேப்பர் கேளுங்கள். ஆர்ட் பேப்பரில் மைப்பேனா கையெழுத்து இழுபடும்.

போக நல்ல மாதம் ஆடி. டிசம்பரில் காலண்டர், டைரி வேலை; தை பிறந்தால் கல்யாணப் பத்திரிகை வேலை; சின்ன ஆர்டருக்கு யாரும் நின்று பேசமாட்டார்கள். பின்னால் ஏதாவதொரு தாளைத் திருத்தி மறுபடி அடிக்க வேண்டிவரும். அதற்காக அதே காகிதக் கட்டிலிருந்து பத்துத் தாள் கூடுதலாக வாங்கி, பாலித்தீனில் சுற்றிப் படுக்கையாக வைத்துக்கொள்ளுங்கள். அடுத்த முறை அதே வெண்மை கிடைக்கும் என்று கடைக்காரர் உறுதி தரமாட்டார்.