எடோ அந்தப்புர நாடகத்துக்கு வாடகை உடை: புதுச்சேரிக் கடை ஒன்று

காந்தி வீதிப் பக்கம் நாடக உடைகள் வாடகைக்கு விடும் கடை இது. துணிக்குக் குறையில்லை, கட்டிவிடுவதில்தான் கோளாறு.

ஜப்பானின் எடோ நகரில் (இன்றைய டோக்கியோ) 1714இல் நடந்த எஜிமா வழக்கை மேடையேற்றும் குழு கண்ணை மூடிக்கொண்டு இங்கே உடை எடுக்க முடியாது. எஜிமா, நாட்டை ஆண்ட படைத்தலைவரான ஷோகனின் அந்தப்புரத்தில் மூத்த அதிகாரி. எஜமானிக்குப் பதிலாகக் கோயிலுக்குப் போனவள், திரும்பும் வழியில் யமமுரா அரங்கில் கபுகி நாடகம் பார்த்தாள். நேரங்கழித்து வந்ததில் விஷயம் வெடித்தது. நடிகர் இக்குஷிமாவோடு தொடர்பு என்று அவளைத் தகாதோ என்ற ஊருக்கும் அவனை மியாகே தீவுக்கும் கடத்திவிட்டார்கள். அவள் சகோதரனுக்குத் தலை போனது. அரங்கையும் மூடிவிட்டார்கள். இத்தனைக்கும் காரணம் அவள் வகித்த பதவி. அது உடையில் தெரியாவிட்டால் கதை நிற்காது.

கடையிலோ எல்லாப் பெண்களுக்கும் தொங்கும் நீளக் கை கிமோனோ. அது கல்யாணமாகாத இளம்பெண்ணுக்கு உரியது. எஜிமாவுக்குக் குட்டைக் கை கேளுங்கள். இல்லையென்றால் கையை உள்ளே மடித்து ஓட்டுத்தையல் போடலாம், திருப்பிக் கொடுக்கும்போது பிரித்துவிடலாம். மேலே போடும் நீள அங்கியை இடுப்பில் கட்டாமல் திறந்தே விட வேண்டும். இங்கே அதற்கும் பட்டை கட்டி அனுப்புகிறார்கள்!

கழுத்து மடிப்பைக் கட்டாயம் பாருங்கள். ஆணோ பெண்ணோ, உடுத்துபவரின் இடப்பக்கம்தான் மேலே வர வேண்டும். வலப்பக்கம் மேலே வந்தால் அது பிணத்துக்கு உடுத்தும் முறை.

எஜிமாவின் சகோதரனுக்கான, தோளில் இறக்கைபோல் விரியும் தோள் விரிப்புக்குள் ஸ்பாஞ்சு வைத்திருக்கிறார்கள். இரண்டாம் காட்சிக்குள் தொங்கிவிடும். சட்டைக் காலருக்கு வைக்கும் கேன்வாஸை இரண்டு மடிப்பாக வைத்தால் விறைப்பாக நிற்கும். சகோதரன் சாமுராய் (போர்வீரன்), அவனுக்கு வாள் ஜோடியாகத் தருவார்கள். கோட்டைக்குள் நடக்கும் காட்சியில் குட்டை வாள் மட்டும் போதும், நீள வாளை வாசலிலேயே விட்டுவிடுவது அங்கே வழக்கம். இக்குஷிமா நடிகன், அவனுக்கு வாளே வேண்டாம்.

டோப்பாக்கள் அருமை, அக்கால ஜப்பானிய ஆண்களின் நெற்றி மழிப்பு இயல்பாக இருக்கிறது. ஆனால் காந்தி திடல் மாதிரித் திறந்தவெளியில், கடற்காற்றின் ஈரத்திலும் வியர்வையிலும் ரப்பர் விளிம்பு கிளம்பும். நெற்றியின் எண்ணெயை ஸ்பிரிட்டால் துடைத்து, டோப்பா ஒட்டும் கம் தடவி, பிசுபிசுப்பு வந்த பிறகு அழுத்துங்கள். முகத்துக்குப் பூசும் முத்துவெள்ளைப் பொடியைத் தேங்காயெண்ணெயில் குழைப்பதாக இருந்தால் டோப்பா ஒட்டிய பிறகே பூச வேண்டும், விளிம்புக்கு ஒரு விரல் தள்ளி.

சலவைக்கூலி வாடகையில் சேராது. வெள்ளை படிந்த கழுத்துப்பட்டிக்குத் தனியாகப் பிடிப்பார்கள். உள்ளே ஒரு பருத்தித் துண்டு வைத்துத் தைத்துக்கொண்டால் அந்தப் பணம் மிச்சம்.