ஜாக்கோமினோவின் நரகமும் தாந்தேயின் நரகமும்

13ஆம் நூற்றாண்டில் இத்தாலியின் வெரோனா நகரத்துப் பிரான்சிஸ்கன் துறவியான ஜாக்கோமினோ, சொர்க்கத்தை எருசலேமாகவும் நரகத்தைப் பாபிலோனாகவும் உருவகித்து, வட்டார மொழியிலேயே இரு கவிதைகள் இயற்றினார். அவருடைய நரகத்தில் ஒரு சமையற்காரப் பேய் பாவியைப் பன்றியைப் போலக் கம்பியில் கோத்து வாட்டி, உப்பும் புகைக்கரியும் காடியும் நஞ்சும் கலந்த குழம்பு சேர்த்து நரக அரசனுக்கு அனுப்புகிறது. அரசனோ இன்னும் வேகவில்லை என்று திருப்பி அனுப்பிவிடுகிறான். அச்சுறுத்தித் திருத்துவதே இங்கு நோக்கம் என்பதால், அந்தப் பாவிக்குப் பெயரும் இல்லை, கதையும் இல்லை.

1321இல் மறைந்த இத்தாலியக் கவிஞர் தாந்தேயின் நெடுங்கவிதையான 'டிவைன் காமெடி' 100 காண்டங்கள் கொண்டது. அதன் நரகப் பகுதியின் 21ஆம் காண்டத்திலும் அடுக்களை வருகிறது: கொதிக்கும் கீலிலிருந்து (தாரிலிருந்து) மேலெழும் ஊழல்வாதியை, கொப்பரையில் மிதக்கும் இறைச்சியைச் சமையலாட்கள் அமிழ்த்துவதுபோல், பேய்கள் கொக்கிகளால் உள்ளே தள்ளுகின்றன. ஆனால் தாந்தேயிடம் பாவிகள் பேசுகிறார்கள். பட்டினியால் சாகும்படி அடைக்கப்பட்ட பசிக்கோபுரத்தில் தன் பிள்ளைகள் ஒவ்வொருவராக மடிவதைக் கண்ட பீசா நகரத்துப் பிரபு உகோலினோ அதைத் தன் வாயாலேயே சொல்லும்போது, தண்டனையைவிட அந்த மனிதனே நம் நெஞ்சில் நிற்கிறான்.

செல்வாக்கில் இரண்டும் ஒப்பிடத் தக்கவை அல்ல என்பதற்கு இதுவே முதற்காரணம் என்று கருதுகிறேன். 1373இல் இத்தாலிய எழுத்தாளர் பொக்காச்சியோ ஃபிளாரன்சில் தாந்தேயைப் பற்றிப் பொதுமக்களுக்கு விரிவுரை நிகழ்த்தினார்; அந்த நூற்றாண்டு முடிவதற்குள் உகோலினோவின் துயரத்தை ஆங்கிலக் கவிஞர் சாசர் ஆங்கிலத்தில் மீண்டும் பாடிவிட்டார்.