வெளிச்சம் பட்டால் மறந்துவிடும் கல்: ஹேக்மனைட் வாங்கிய அனுபவம்

தங்கை பிள்ளைகளுக்காக ஒரு கற்பனை உலகத்தை உருவாக்கி, அதை வைத்து மேசை மேல் ஆடும் கதை விளையாட்டு ஒன்றை நடத்தி வருகிறேன். அந்த உலகத்தில் ‘இருள்மணி’ என்று ஓர் அரிய கனிமம் உண்டு. மலைக்கு அடியில் சுரங்கம் வெட்டுகிறவர்கள் அதில் சேதி பதித்து, துணியில் சுற்றி அனுப்புவார்கள். வெளிச்சத்தில் வைத்தால் சேதி அழிந்துபோகும். இவ்வளவையும் எழுதி முடித்த பிறகுதான், கிட்டத்தட்ட இதே குணமுள்ள கல் நிஜமாகவே பூமியில் கிடைக்கிறது என்று தெரிந்தது. ஹேக்மனைட். அன்றைக்கே இணையத்தில் ஆர்டர் போட்டுவிட்டேன். ஒரு மாதம் கையில் வைத்துப் பார்த்துவிட்டு இதை எழுதுகிறேன்.

வாங்கியது ஆப்கானிஸ்தானின் படக்ஷான் பகுதிக் கல். உள்ளங்கையில் அடங்கும் அளவு. ஒரு பக்கத்தைத் தட்டையாக அறுத்து மெருகேற்றியிருக்கிறார்கள். பொட்டலத்தைப் பிரித்ததும் கொஞ்சம் ஏமாற்றமாக இருந்தது. பழைய சோப்புத் துண்டு போல மங்கிய வெள்ளை. ஓரத்தில் ஒட்டியிருந்த தாய்ப்பாறைதான் அதைவிடப் பளிச்சென்று இருந்தது. விற்பனைப் பக்கத்தில் பார்த்ததோ அடர்ந்த ஊதா. புற ஊதா ஒளி காட்டிய கையோடு எடுத்த படம் அது. அதை ஒரு வரியில் சொல்லியிருக்கலாம்.

அடுத்த குறை இன்னும் பெரியது. கல்லோடு இலவசமாக வந்த புற ஊதா டார்ச் 395 நானோமீட்டர் (ஒளியின் அலைநீளம்) வகை. அதை எத்தனை நேரம் காட்டினாலும் கல்லில் லேசான சாயல்தான் ஏறியது. போலிக் கல்லைத் தலையில் கட்டிவிட்டார்கள் என்றே நினைத்தேன். அப்புறம் 365 நானோமீட்டர் டார்ச் ஒன்று, முகப்பில் கறுப்பு வடிகட்டி வைத்தது, தனியாக வாங்கினேன். குறை டார்ச்சில்தான் என்று அப்போது தெரிந்தது. இந்தக் கல்லை வாங்க நினைப்பவர்கள் முதலில் டார்ச்சைப் பாருங்கள்.

சரி, கல்லுக்கு வருகிறேன். கறுப்புத் தாளில் ‘ழ’ என்ற எழுத்தை வெட்டியெடுத்து, அந்தத் தாளைத் தட்டையான பக்கத்தில் ஒட்டினேன். அறையை இருட்டாக்கி டார்ச்சைக் காட்டினால், எழுத்தின் இடைவெளி முழுக்க ஆரஞ்சு நிறத்தில் எரிந்தது. “மாமா, தணல் மாதிரி இருக்கு!” என்றாள் பெரியவள். இரண்டு நிமிடம் கழித்து டார்ச்சை அணைத்து, தாளை உரித்து, அறை விளக்கைப் போட்டோம். வெள்ளைக் கல்லின் மேல் கத்தரிப்பூ நிறத்தில் ஒரு ‘ழ’. சுழியின் வளைவுகூடத் தெளிவாக விழுந்திருந்தது. சின்னவன் விரலால் தேய்த்துப் பார்த்தான். போகவில்லை. மை இருந்தால்தானே போக!

ஹேக்மனைட் என்பது சோடலைட் கனிமத்தின் ஒரு வகை. குளோரின் அணு இருக்கவேண்டிய சில இடங்கள் இதில் காலியாக இருக்கும். கூடவே கொஞ்சம் கந்தகமும் உண்டு. புற ஊதா ஒளி பட்டால் கந்தகத்திடமிருந்து ஓர் எலக்ட்ரான் கிளம்பி அந்தக் காலியிடத்தில் போய் உட்கார்ந்துகொள்கிறது. அங்கே உட்கார்ந்தபடி அது பச்சை ஒளியை விழுங்குவதால் நம் கண்ணுக்குக் கல் ஊதாவாகத் தெரிகிறது. சாதாரண வெளிச்சம் பட்டால் எலக்ட்ரான் பழைய இடத்துக்கே திரும்பிவிடும், நிறமும் போய்விடும். படித்துவிட்டு வெகுநேரம் கல்லையே பார்த்துக்கொண்டிருந்தேன். அந்த ‘ழ’ முழுக்க இடம் மாறி உட்கார்ந்த எலக்ட்ரான்கள்!

கறுப்புத் துணியில் சுற்றி இழுப்பறையில் வைத்துப் பார்த்தேன். மூன்று நாள் கழித்துப் பிரித்தபோது எழுத்து கொஞ்சம் வெளிறியிருந்தது, ஆனால் படிக்க முடிந்தது. மேசை எல்.இ.டி. விளக்கின் அடியில் வைத்ததும் கால் மணி நேரத்துக்குள் கல் பழைய சோப்புத் துண்டாகிவிட்டது. திரும்பப் பதித்தால் திரும்ப வருகிறது. இதுவரை முப்பது முறைக்கு மேல் செய்துவிட்டேன், நிறம் குறைந்ததாகத் தெரியவில்லை. பின்லாந்தின் துர்க்கு பல்கலைக்கழகத்தில் செயற்கையாகத் தயாரித்த ஹேக்மனைட்டை வைத்துப் புற ஊதாக் கதிர், எக்ஸ்-கதிர் அளவைக் கண்டுபிடிக்கும் வழிகளை ஆராய்கிறார்கள். பட்ட கதிரை நிறமாக நினைவில் வைத்திருக்கும் பொருளுக்கு அது பொருத்தமான வேலைதான்.

இந்தக் கல்லை 1901இல் முதலில் விவரித்தவர் கனிமவியலாளர் போர்க்ஸ்ட்ரோம்; ரஷ்யாவின் கோலா தீபகற்பத்தில் கிடைத்தது. விக்டர் ஹேக்மன் என்ற பின்லாந்து நிலவியலாளரின் பெயரை வைத்தார்கள். கிரீன்லாந்திலும் கனடாவிலும்கூடக் கிடைக்கிறது.

பராமரிப்பில் கவனம் தேவை. கனிமங்களின் கடினத்தன்மையை 1 முதல் 10 வரை அளக்கும் மோஸ் அளவுகோலில் இது 5.5 முதல் 6 வரைதான். மணலில் இருக்கும் குவார்ட்ஸ் 7 என்பதால், மணல் ஒட்டிய துணியால் துடைத்தாலே கீறல் விழும். அமிலம் இதை அரிக்கும், எனவே எலுமிச்சை, வினிகர் எதுவும் கூடாது. வெறும் தண்ணீர் போதும். டார்ச்சைக் கண்ணுக்கு நேராகக் காட்டாதீர்கள். குழந்தைகள் இருந்தால் புற ஊதாவைத் தடுக்கும் கண்ணாடி போட்டுவிடுங்கள். விற்பனைப் பக்கத்தில் இந்தக் கல் மனக்கவலை தீர்க்கும், தூக்கம் தரும் என்றெல்லாம் எழுதியிருந்தார்கள். அதை நம்பி வாங்க வேண்டாம். கண்முன்னே நிறம் மாறும் கல்லுக்கு அந்தப் பொய்யெல்லாம் எதற்கு?

கல்லுக்கு ஐந்துக்கு ஐந்து கொடுப்பேன். கூட வந்த டார்ச்சுக்கு ஒன்றுகூடக் கிடையாது. என் கதையில் இருள்மணியின் விதிகளையும் மாற்றி எழுதிவிட்டேன்: சேதி பதியும்போது கல் முதலில் தணலாக எரியும், அதைப் பார்த்து எதிரிக்குத் தெரிந்துவிடும். இப்போது கறுப்புத் துணிக்குள் அடுத்த ஆட்டத்துக்கான வரைபடம் ஒன்று இருக்கிறது. அதைப் பிரிக்கும் பிள்ளைக்கு, விளக்கு எரியும் அறையில் படித்து முடிக்கக் கால் மணி நேரம்தான்.