மெட்டுக்குப் பாட்டா, பாட்டுக்கு மெட்டா?

தென்னாப்பிரிக்காவில், டர்பன் நகரின் சாட்ஸ்வொர்த்தில் எங்கள் மாமா கிட்டார் எடுத்துப் பாட ஆரம்பித்து 40 ஆண்டுகள் ஆகின்றன. இப்போதுதான் ஓர் ஆல்பத்துக்குத் துணிந்திருக்கிறார். வீட்டில் ஒரே வாக்குவாதம்: முதலில் வரியா, மெட்டா?

மெட்டுக் கட்சிக்குப் பெரிய சாட்சி அமெரிக்கப் பாடகர் பால் சைமன். 1985இல், 43 வயதில், ஜோகன்னஸ்பர்க் வந்து ரே பிரியின் கிட்டாரையும் பகிதி குமாலோவின் பேஸையும் முதலில் பதிவு செய்துகொண்டார். வரிகள் பெரும்பாலும் அமெரிக்கா திரும்பிய பிறகு எழுதப்பட்டவை. 1986இல் வந்த 'கிரேஸ்லேண்ட்' ஆல்பம் அப்படிப் பிறந்தது. (நிறவெறி ஆட்சிக்கு எதிரான கலாசாரப் புறக்கணிப்பை மீறி வந்தார் என்ற சர்ச்சை தனிக்கதை.) இந்த வழியில் தாளம் தளராது, கேட்பவரின் கால் தானாக ஆடும். ஆனால் வாசிக்க நல்ல ஆட்கள் வேண்டும், ஸ்டூடியோ வாடகையோ மணிக்கணக்கில் ஏறும்.

வரி முதலில் என்றால் செலவு ஒரு நோட்டுப் புத்தகம். தமிழுக்கு இதுவே பொருந்தும் என்பது என் கட்சி. குறிலை நீட்டினால் பொருளே மாறிவிடும் மொழி இது. மெட்டு இழுக்கிற இடத்தில் 'வடை' வந்து விழுந்தால் 'வாடை' வீசும். வரி முன்னால் இருந்தால் மெட்டு அதற்கு வளைந்துகொடுக்கும். ஒரு குறை உண்டு: மாமா தனியாக உட்கார்ந்தால் விரல்கள் பழகிய அதே மூன்று சுரக்கூட்டுகளுக்கே (chord) ஓடும்.

ஆட்டத்துக்கான இரண்டு பாடல்களை மட்டும் மெட்டிலிருந்து தொடங்கச் சொல்லியிருக்கிறேன். அத்தைக்கு அதிலும் சம்மதமில்லை.