எடின்பரோவிலிருந்து ‘அவுட்லேண்டர்’ கோட்டைகள்: தனி வண்டியில் ஒரு நாள் சுற்றுலா எடுக்கலாமா?

‘அவுட்லேண்டர்’ தொலைக்காட்சித் தொடரின் படப்பிடிப்பு நடந்த பழைய கோட்டைகளைத் தனி வண்டியில், வழிகாட்டியோடு ஒரே நாளில் காட்டும் சுற்றுலாவை எடின்பரோவில் பல நிறுவனங்கள் நடத்துகின்றன. நிறுவனம் மாறினாலும் பட்டியல் பெரும்பாலும் ஒன்றேதான்: மிட்ஹோப், பிளாக்னஸ், லின்லித்கோ, டூன், கூரஸ், ஃபால்க்லாந்து. ஆறு இடம், எட்டு ஒன்பது மணி நேரம். இதை அப்படியே ஒப்புக்கொள்ள வேண்டாம். நான்கு இடமாகக் குறைத்து, வரிசையையும் மாற்றித் தரச் சொல்லுங்கள். அப்படி மாற்றினால் இது தாராளமாகப் பணம் கொடுக்கத்தக்க சேவை. மாற்ற மாட்டோம் என்றால் வேறு நிறுவனத்தைப் பாருங்கள்.

காரணம் சாலைக் கணக்கு. எடின்பரோவிலிருந்து மிட்ஹோப் சுமார் 20 கி.மீ. அங்கிருந்து பிளாக்னஸும் லின்லித்கோவும் பக்கம் பக்கம்தான். லின்லித்கோவிலிருந்து டூன் 45 கி.மீ.யை ஒட்டி வரும், டூனிலிருந்து கூரஸ் 40, கூரஸிலிருந்து ஃபால்க்லாந்து 50, திரும்பி எடின்பரோ வர இன்னொரு 60. கூட்டினால் 220 கி.மீ.க்கு மேல். ஊருக்குள் நுழைவது, வண்டி நிறுத்துவது எல்லாம் சேர்த்தால் நாலு மணி நேரத்துக்கு மேல் வண்டியிலேயே போய்விடும். சாப்பாட்டுக்கு ஒரு மணி நேரம் ஒதுக்கினால், ஓர் இடத்துக்கு முக்கால் மணி நேரம்கூடத் தேறாது. டூன் போன்ற கோட்டைக்கு அது போதவே போதாது.

தொடரைப் பார்க்காமல் துணைக்கு வருபவர்களுக்கு ஒரு வார்த்தை. இரண்டாம் உலகப் போரில் செவிலியாக இருந்த கிளேர் என்ற பெண், ஒரு கல்வட்டத்தின் வழியாக 1743-க்குப் போய்ச் சேர்கிறாள். கதைக்குப் பின்னணி, ஸ்டூவர்ட் வம்சத்துக்கு அரியணையை மீட்டுத் தர எழுந்த 1745 ஜாக்கோபைட் கிளர்ச்சி. அது 1746 ஏப்ரல் 16 அன்று கல்லோடன் போரில் ஒரு மணி நேரத்துக்குள் நசுக்கப்பட்டது. கதை வடக்கு மலைநாட்டில் நடந்தாலும் ஸ்டூடியோ கிளாஸ்கோவை அடுத்த கம்பர்னால்டில் இருந்ததால், கோட்டைகளையும் நடு ஸ்காட்லாந்திலேயே தேடிப் பிடித்தார்கள். ஒரு நாளில் இவற்றைப் பார்க்க முடிவது அதனால்தான். கல்லோடனையும் இதே நாளில் சேர்க்கலாமா என்று பலர் கேட்கிறார்கள். எடின்பரோவிலிருந்து ஏறக்குறைய 250 கி.மீ., போகவே மூன்று மணி நேரத்துக்கு மேல். அது தனிப் பயணம். கல்வட்டத்தைத் தேடியும் போக வேண்டாம். கின்லோக் ரானோக் பக்கம் ஒரு மேட்டில் படப்பிடிப்புக்காக வைத்த செட் கற்கள்தான் அவை. இப்போது அங்கே கற்கள் இல்லை.

நான் சொல்லும் வரிசை இது. காலை 8.15-க்குக் கிளம்பி நேராக டூன். கோட்டை திறக்கும் 9.30-க்கு வாசலில் நிற்க வேண்டும். 11.15-க்குப் புறப்பட்டு, நண்பகலில் கூரஸ், சாப்பாடும் அங்கேயே. 1.45-க்குக் கிளம்பி கின்கார்டின் பாலம் வழியாக லின்லித்கோ. கடைசியில் மிட்ஹோப், ஐந்தேகால் வாக்கில் எடின்பரோ. தூரமான இடத்தைக் காலையிலேயே முடித்துவிட்டு வீட்டை நோக்கி வருவது போன்ற பாதை இது. மாலையில் நெரிசலில் மாட்டினாலும் கெட்டுப்போக எதுவும் மிச்சம் இருக்காது. டூனைக் கடைசிக்குத் தள்ளுவதுதான் வழக்கமாக நடக்கும் கோளாறு. மூடும் நேரத்துக்கு முன்பே டிக்கெட் கொடுப்பதை நிறுத்திவிடுவார்கள், வாகன நிறுத்தமும் சிறியது. குளிர்காலத்தில் நாலு மணிக்கே கதவைச் சாத்தும் கோட்டைகள் உண்டு.

டூன்தான் இந்த நாளின் உயிர். தொடரில் இது மெக்கென்சி குலத்தின் லியோக் கோட்டை. உண்மையில் கட்டியவர், 14-ஆம் நூற்றாண்டின் கடைசியில் ஸ்காட்லாந்தை அரசர் பெயரில் ஆண்ட அல்பனி பிரபு ராபர்ட் ஸ்டூவர்ட். வாயிற்கோபுரம் ஏறக்குறைய 29 மீட்டர் உயரம். உள்ளே போனதும் முதலில் சமையற்கட்டுக்குப் போங்கள். அடுப்பு வளைவே ஐந்து மீட்டருக்கு மேல் அகலம். முழு மாட்டையே வாட்டலாம். அதன் எதிரே, பெரிய கூடத்துக்கு உணவுத் தட்டுகளை நீட்டிய கல் சாளரங்கள் இன்னும் அப்படியே இருக்கின்றன. அங்கே நின்று பார்த்தால், எத்தனை பேருக்குச் சமைத்திருப்பார்கள், பந்திக்கு எப்படிப் போயிருக்கும் என்பது வழிகாட்டி வாய் திறக்காமலேயே புரியும். தொடரில் வரும் லியோக்கின் உட்புறக் காட்சிகளில் பெரும்பாலானவை ஸ்டூடியோவில் போட்ட செட். முற்றமும் வெளிச்சுவரும்தான் டூன். நல்ல வழிகாட்டி இதை முதலிலேயே சொல்லிவிடுவார். சொல்லாவிட்டால் “அந்த அறை எங்கே” என்று தேடியே அரை மணி நேரம் போய்விடும். டிக்கெட்டோடு வரும் ஒலி வழிகாட்டியில், தொடரில் கதாநாயகன் ஜேமியாக நடித்த சாம் ஹியூவனின் குரலும் உண்டு. வழிகாட்டி கூட இருக்கிறாரே என்று அதை வாங்காமல் விடாதீர்கள்.

தொடரின் காலத்தோடு டூனுக்கு நிஜமான தொடர்பே இருக்கிறது. 1746 ஜனவரியில் ஃபால்கர்க் போரில் பிடிபட்ட அரசுத் தரப்பினரை ஜாக்கோபைட்டுகள் இங்கேதான் அடைத்து வைத்தார்கள். ஜான் ஹோம் என்ற பிற்கால நாடக ஆசிரியரும் கூட்டாளிகளும் போர்வைகளை முறுக்கிக் கயிறாக்கி இறங்கித் தப்பினார்கள். உடன் அடைபட்டிருந்த ஜான் விதர்ஸ்பூன், பின்னாளில் அமெரிக்க விடுதலைப் பிரகடனத்தில் கையெழுத்திட்டவர்களில் ஒருவர்.

தமிழ் வாசகர்கள் இங்கே வழிகாட்டியிடம் கிளற வேண்டிய செய்தி இன்னொன்று. உண்மையான மெக்கென்சிகளின் இருப்பிடம் வடக்கே இருக்கும் லியோட் கோட்டை. அந்தக் குடும்பத்தின் வாரிசான மெக்லியோட் பிரபு ஜான் மெக்கென்சி 1745 கிளர்ச்சியில் சேர்ந்து, கல்லோடனுக்கு முந்தின நாள் பிடிபட்டார். மன்னிப்புக் கிடைத்து, சுவீடன் படையில் சேவை செய்து திரும்பியபின் பிரிட்டிஷ் அரசுக்காக ஒரு மலைநாட்டுப் படையைத் திரட்டினார். அந்தப் படை 1780-இல் மதராஸில் வந்து இறங்கியது. அதே ஆண்டு செப்டம்பர் 10 அன்று காஞ்சிபுரம் பக்கத்துப் புள்ளலூரில் ஹைதர் அலி, திப்பு படைகளிடம் தோற்ற கிழக்கிந்தியக் கம்பெனித் தளபதி பெய்லியின் சேனையில் அந்த மலைநாட்டுப் படையின் இரண்டு கம்பெனிகள் இருந்தன. பிடிபட்டு ஸ்ரீரங்கப்பட்டணம் சிறைக்குப் போன டேவிட் பெயர்ட் அவற்றைச் சேர்ந்தவர்தான். 1799-இல் அதே கோட்டையைத் தாக்கிப் பிடித்த படையை நடத்தியவரும் அவரே. இந்தக் கண்ணி தெரிந்த வழிகாட்டி கிடைத்தால் அந்த நாள் வேறு தரத்துக்குப் போய்விடும்.

கூரஸில் மெர்கட் கிராஸ் என்ற சந்தைச் சதுக்கமும் சுற்றியுள்ள வீடுகளும்தான் தொடரின் கிரேன்ஸ்முயிர் கிராமம். கிளேரின் தோழி கெய்லிஸின் வீடு இங்கே. தெருவை உற்றுப் பாருங்கள்: நடுவில் ஒரு வரிசைக் கல் மேடாக ஓடும். வசதியானவர்கள் கால் நனையாமல் நடக்க அது. மற்றவர்களுக்கு இருபக்கச் சாக்கடைச் சரிவு. மஞ்சள் காவி பூசிய ‘அரண்மனை’ அரசர் கட்டியதல்ல. கடலுக்கடியில் நிலக்கரி வெட்டிச் சம்பாதித்த ஜார்ஜ் புரூஸ் என்ற வணிகர் 1597 முதல் 1611 வரை கட்டிய வீடு. அந்தச் சுரங்கத்தை 1625-இல் ஒரு புயல் மூழ்கடித்தது. கிளேர் மூலிகை பறிக்கும் காட்சிகள் வீட்டின் பின்புறத் தோட்டத்தில் எடுக்கப்பட்டவை. தோட்டம் சரிவில் இருக்கிறது, தெருக்கள் உருளைக் கல். குதிகால் செருப்பு கூடாது. முட்டி வலி உள்ளவர்களைக் கீழ்த்தெருவிலேயே இறக்கி ஏற்றிக்கொள்ளச் சொல்லி வையுங்கள்.

லின்லித்கோவா, பிளாக்னஸா? ஒன்றைத்தான் எடுக்க வேண்டும் என்றால் லின்லித்கோ. ஜேமி அடைபடும் வென்ட்வொர்த் சிறையின் நடைகளும் நுழைவும் இங்கே எடுத்தவை. 1542 டிசம்பர் 8 அன்று ஸ்காட் அரசி மேரி பிறந்த அரண்மனை இது. முற்றத்தில் அவருடைய தந்தை ஐந்தாம் ஜேம்ஸ் வைத்த கல் நீரூற்று நிற்கிறது. 1746 தொடக்கத்தில், அரசுப் படைத் தளபதி கம்பர்லாந்து பிரபுவின் படை தங்கிவிட்டுப் போனபோது பிடித்த தீயில் கூரை எரிந்தது. அதன்பின் யாரும் கூரை போடவில்லை. தொடர் சொல்லும் போரின் தழும்பு இந்தச் சுவர்களிலேயே இருக்கிறது. செட்டையும் சரித்திரத்தையும் இவ்வளவு நெருக்கத்தில் காட்டும் இடம் பட்டியலில் வேறில்லை. கல் பரிசோதனைக்காகச் சில பகுதிகளை அவ்வப்போது மூடுவார்கள். பதிவுக்கு முன் பார்த்துக்கொள்ளுங்கள். இது மட்டும் போதும் என்பவர்களுக்கு வண்டியே வேண்டாம், எடின்பரோவிலிருந்து ரயிலில் சுமார் இருபது நிமிடம்.

பிளாக்னஸ் கடலுக்குள் மூக்கை நீட்டிய கப்பல் வடிவக் கோட்டை. தொடரில் ஜேமிக்குக் கசையடி விழும் ஃபோர்ட் வில்லியம் கோட்டையாக வருவது இதுதான். முற்றம் முழுக்கச் செதுக்காத சாய்வுப் பாறை. மழை பெய்தால் வழுக்கும், காற்று பலமானால் மேல்தளத்துக்கு விட மாட்டார்கள். காட்சிக்காகவே வருபவர்கள் லின்லித்கோவுக்குப் பதிலாக இதை எடுக்கலாம்.

மிட்ஹோப், ஜேமியின் வீடான லாலிப்ராக். ரசிகர்கள் கண் கலங்கும் இடம், ஆனால் வெளியிலிருந்து மட்டும். உள்ளே தளங்கள் சிதைந்திருப்பதால் அனுமதி இல்லை. வளைவு வாயில், முற்றம், படி, அவ்வளவுதான். அரை மணி நேரம் போதும். இது ஹோப்டவுன் எஸ்டேட்டின் தனியார் நிலம். எஸ்டேட் வேலைகளுக்காகச் சில நாள்களில் மூடிவிடுவார்கள், குளிர்காலத்தில் நீண்ட நாள் மூடியிருக்கும். பயணம் கெடுவது பெரும்பாலும் இங்கேதான். “மிட்ஹோப் திறந்திருக்கும் தேதியா” என்பதை முன்பணம் கட்டும் முன்பே எழுத்தில் கேட்டு வாங்குங்கள்.

ஃபால்க்லாந்து, தொடரில் 1940-களின் இன்வர்னஸ் நகரமாக வந்த ஊர். புரூஸ் நீரூற்றும், எதிரே விடுதியாகக் காட்டிய கட்டடமும் அழகுதான். அதற்காக ஒன்றரை மணி நேரச் சாலை கூட்ட வேண்டியதில்லை. எடின்பரோவில் ஜேமியின் அச்சுக்கூடமாக வந்த பேக்ஹவுஸ் குளோஸ், கேனன்கேட் தெருவிலேயே இருக்கிறது. வேறொரு நாள் நடந்து போய்ப் பாருங்கள்.

இனி பணம். விலை வண்டிக்கு, தலைக்கு அல்ல. நால்வர் முதல் அறுவர் வரை சேர்ந்தால் கட்டுப்படியாகும். இருவர் மட்டும் என்றால் குழுப் பேருந்தே மேல். வரிசையை மட்டும் மாற்ற முடியாது. நுழைவுச் சீட்டு பெரும்பாலும் கட்டணத்தில் சேராது. டூனும் லின்லித்கோவும் பிளாக்னஸும் ஹிஸ்டாரிக் என்விரான்மெண்ட் ஸ்காட்லாந்தின் கையில், கூரஸ் அரண்மனை நேஷனல் டிரஸ்ட் ஃபார் ஸ்காட்லாந்தின் கையில், மிட்ஹோப் எஸ்டேட்டின் கையில். ஆக, மூன்று தரப்பிடமும் தனித்தனியாகச் சீட்டு. முதல் அமைப்பின் எக்ஸ்ப்ளோரர் பாஸில் எடின்பரோ கோட்டையும் அடங்கும்; அதையும் பார்ப்பதாக இருந்தால் பாஸ் எடுப்பது லாபம்.

பதிவு செய்யும்போது இன்னொன்றைத் தெளிவாகக் கேளுங்கள்: வருபவர் ஓட்டுநரா, வழிகாட்டியா? வாசலில் இறக்கிவிட்டு வண்டியிலேயே காத்திருப்பவரும் உண்டு, உள்ளே வந்து விளக்குபவரும் உண்டு. விளம்பரத்தில் இரண்டும் ஒன்றுபோலத் தெரியும். ஸ்காட்லாந்தில் புளூ பேட்ஜ் பெற்ற வழிகாட்டிகள் முறையாகப் படித்துத் தேர்வு எழுதியவர்கள். கட்டணம் கூடினாலும் அவர்களில் ஒருவரைக் கேட்பது நல்லது. காட்சிப் படங்களைக் கையில் கொண்டுவந்து அதே இடத்தில் நிறுத்திக் காட்டுபவரா என்றும் கேளுங்கள். குழந்தைகள் வந்தால் கசையடி, சிறைக் காட்சிப் படங்களை எடுக்க வேண்டாம் என்று முன்கூட்டியே சொல்லிவிட வேண்டும். 12 வயது அல்லது 135 செ.மீ. உயரம் வரை குழந்தை இருக்கை சட்டப்படி தேவை; எத்தனை வேண்டும் என்பதைப் பதிவிலேயே எழுதுங்கள். காலையில் சொன்னால் கிடைக்காது.

சைவம் சாப்பிடுபவர்கள் சூப்பில் கவனமாக இருக்க வேண்டும். ஸ்காட்ச் பிராத்தில் ஆட்டிறைச்சி, கல்லன் ஸ்கிங்கில் மீன் என்பது தெரிந்ததே. பருப்பு சூப்பைக்கூடப் பன்றி எலும்புச் சாற்றில் கொதிக்க வைக்கும் வழக்கம் உண்டு, அதனால் கேட்டுவிட்டு வாங்குங்கள். சின்ன ஊர்களில் மதியச் சாப்பாட்டைச் சீக்கிரமே நிறுத்திவிடுவார்கள், ஒன்றரைக்கு மேல் தள்ள வேண்டாம்.

ஏப்ரல் கடைசி முதல் செப்டம்பர் வரை இந்தச் சுற்றுலாவை எடுங்கள். டிசம்பரில் மூன்றே முக்கால் வாக்கில் சூரியன் விழுந்துவிடும். லின்லித்கோவை முடித்து வரும்போது இருட்டிவிடும். அந்த மாதங்களில்தான் வரமுடியும் என்றால் டூன், லின்லித்கோ இரண்டை மட்டும் வைத்து அரை நாள் விலை பேசுங்கள்.