கோர்டோபா மெஸ்கிட்டா: வழிகாட்டியுடனா, தனியாகவா?

ஸ்பெயினின் கோர்டோபாவுக்குப் போகிறவர்கள் எல்லோரும் முதலில் தேடுவது மெஸ்கிட்டாவைத்தான், அதாவது மசூதியாக இருந்து பேராலயமாக மாறிய கட்டடத்தை. வழிகாட்டி வைத்துக்கொள்வதா, தனியாகச் சுற்றுவதா என்று கேட்டால், முதல் தடவைக்கு வழிகாட்டிதான் என்பேன்.

காரணம் இருக்கிறது. உள்ளே 850க்கும் மேற்பட்ட தூண்கள். தலைக்கு மேலே சிவப்பும் வெள்ளையுமாக இரட்டை வளைவுகள். தனியாகப் போனால் எல்லாம் ஒரே மாதிரிதான் தெரியும். பழைய பகுதியில் அந்தச் சிவப்பு நிஜச் செங்கல். பத்தாம் நூற்றாண்டின் இறுதியில் அன்றைய முஸ்லிம் ஆட்சியாளர் அல்மன்சூர் விரிவாக்கிய பகுதியிலோ கல்மேல் பூசிய வண்ணம். விவரம் தெரிந்தவர் கை நீட்டிக் காட்டினால்தான் கண்ணில் படும். தூண்களில் பல, ரோமானியர், அவர்களுக்குப் பின் ஸ்பெயினை ஆண்ட விசிகோத்கள் ஆகியோரின் கட்டடங்களிலிருந்து எடுத்து வந்தவை. உயரம் போதாததால்தான் வளைவுமேல் வளைவு வைத்தார்கள். நடுவே திடீரென்று ஒரு பேராலயம் எழுந்து நிற்கிறதே, அது ஏன் என்பதற்கும் 1236இல் நகரம் கிறிஸ்தவர்கள் கைக்குப் போன கதை தெரிய வேண்டும்.

ஆனால் குழுவோடு போனால் நிற்க நேரம் கிடைக்காது. தொழுகைத் திசையைக் காட்டும் மாடமான மிஹ்ராபின் தங்க மொசைக் முன் ஐந்து நிமிடம் பேசாமல் நிற்க ஆசைப்பட்டால் தனியாகப் போவதே நல்லது, அதுவும் கூட்டம் சேரும் முன் காலையிலேயே.

அப்புறம் யூதர் தெருக்கள், 1315ஆம் ஆண்டு ஜெப ஆலயம், ரோமானியப் பாலம்: இவற்றுக்கு வழிகாட்டி தேவையில்லை. வழி தவறினாலும் ஏதாவதொரு பூந்தொட்டிச் சுவர் முன்னால்தான் போய் நிற்பீர்கள்.